முதல் சண்டைக்கு முந்தின வீடு

முதலில் எனக்குக் கெடுதல் செய்தவன் குழந்தைவேலு. லிப்ட் ஆபரேட்டர் குழந்தைவேலு. இந்தக் கட்டடத்தில் ஏழு வருஷமாக நான் கேட்டில் நிற்கிறேன், அவன் லிப்டுக்குள் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருக்கிறான். மூன்றாவது மாடியில் வீடியோ கேம் செய்கிற இந்தப் பிள்ளைகள் எல்லாம் அவனை மாமா என்கிறார்கள். என்னை வாட்ச்மேன் அண்ணா என்கிறார்கள். எனக்கு அறுபத்து மூன்று, அவனுக்கு அறுபது. மூன்று வயது இளையவன் மாமாவாம், மூத்தவன் அண்ணாவாம், அதுவும் வாட்ச்மேன் என்று முன்னால் ஒட்டவைத்து. இப்போதும் பார், என்னை டிவிக்கு முன்னால் உட்காரவைத்துக் கையில் கன்ட்ரோலரைக் கொடுத்திருக்கிறார்கள், மூஞ்சிக்கு நேரே ஒரு சின்னக் கேமரா, அவன் எனக்குப் பின்னால் சோபாவில் சாய்ந்துகொண்டு முறுக்கு தின்கிறான். கடக் கடக் என்று என் பிடரிக்குப் பின்னாலேயே கேட்கிறது. லிப்டை யார் பார்க்கிறார்கள் என்று கேட்டதற்கு, "லிப்டு எங்க ஓடியா போயிரும்?" என்றான், மிருதுளா அதற்குச் சிரித்தாள். அதே வார்த்தையை நான் சொல்லியிருந்தால் சிரித்திருப்பாளா? கேட் எங்கே ஓடிப் போய்விடும் என்று நான் சொன்னால் எனக்கு வேலை போய்விடும். மிருதுளாதான் இந்த விளையாட்டுக்குக் கதை எழுதுகிறவள், பேரூர்ப் பக்கத்துப் பெண், கண்ணாடிக்கு மேலே கண்ணாடி மாதிரி பெரிதாக ஒன்று போட்டிருப்பாள். "மாரப்பண்ணா, இதுக்கு முன்னாடி கேம் ஆடாதவங்க ஆடறதுதான் எங்களுக்கு வேணும். சரி தப்பெல்லாம் இல்ல. உங்களுக்குத் தோணறதைச் செய்யுங்க. முதல் பாகம் மட்டும்தான், நாப்பது நிமிஷம்" என்றாள். பிறகு குரலை இறக்கி, "நீங்கதான் கடைசி ஆளுங்ணா. முதல் சண்டை வர்றதுக்கு முன்னாடி இவ்வளவு நடை எதுக்குன்னு மேனேஜர் கேக்கறார். இன்னும் ஒருத்தர் சலிச்சுப்போய் நின்னாங்கன்னா இந்தப் பாகத்தையே வெட்டிட்டுச் சண்டையில இருந்து ஆரம்பிச்சிருவாங்க" என்றாள். அப்படியானால் என் கையில் இருக்கிறது. ஏழு வருஷத்தில் முதல் தடவையாக ஒன்று என் கையில் இருக்கிறது.

நடக்கிறேன். இடது கட்டைவிரலை மேலே தள்ளினால் மருதன் நடக்கிறான். மருதன் இந்த விளையாட்டின் கதாநாயகன், பத்தொன்பது வயசுப் பையன், தோளில் ஒரு பை. சோளக்காட்டு வழியாக நடக்கிறான், வாய்க்காலைத் தாண்டுகிறான், ஒரு கிழவி தண்ணீர் சேந்துகிறாள், அவளுக்குச் சேந்திக் கொடுக்கிறான், மறுபடி நடக்கிறான். அவனுடைய அக்கா ஊருக்குச் சொல்லாமல் ஒருத்தனோடு போய்விட்டாள், அவளைப் பார்த்து, வீட்டுக்கு வருவாளா என்று கேட்டுவரச் சொல்லி அப்பன் அனுப்பியிருக்கிறான். பத்து நிமிஷமாக ஒரு சண்டை இல்லை, ஒரு ஆள் குறுக்கே வரவில்லை. காற்று அடிக்கிறது, சோளத்தட்டு அசைகிறது, சும்மா நடை. எனக்குத் தெரியும் இந்த நடை. எனக்குத்தான் தெரியும். காரமடையில் பஸ்ஸை விட்டு இறங்கி, ரயில்வே கேட்டைத் தாண்டி, சோளக்காட்டு ஓரமாக மூன்று மைல். வாய்க்கால் கிடையாது, அதை இவர்கள் சேர்த்திருக்கிறார்கள். தண்ணீர் சேந்தின கிழவி உண்டு. பை உண்டு. என் பையில் அக்காவின் இரண்டு சேலையும் அம்மா கட்டிக் கொடுத்த எள்ளுருண்டையும் இருந்தன, இந்த மருதன் பையில் ஒரு கத்தி இருக்கிறது, அதுதான் வித்தியாசம். எள்ளுருண்டையை வைத்துக்கொண்டு எப்படிச் சண்டை போடுவது, அதனால் கத்தியாக்கிவிட்டார்கள் போல. ஆனால் நடை என்னுடையது. பையை இடது தோளில் இருந்து வலது தோளுக்கு மாற்றுகிறானே, அது என்னுடையது. போன ஐப்பசியில் கரண்டு போய், ஜெனரேட்டரும் ஓடாமல், நானும் குழந்தைவேலும் லிப்டுக்குள் ஒரு மணி நேரத்துக்கு மேல் மாட்டிக்கொண்டோம், இரண்டாவது மாடிக்கும் மூன்றாவது மாடிக்கும் நடுவில். அவனுக்கு மூச்சு முட்டியது, அவன் பயத்தை மறக்கட்டும் என்று நான்தான் சொன்னேன், யாரிடமும் சொல்லாததை. அப்போது என்ன சொன்னான்? "நடந்தேன் நடந்தேன்னே சொல்றியே, விசயத்துக்கு வாய்யா" என்றான். அவனா! என் கதையைத் தன் கதை என்று இவளிடம் சொல்லிவைத்திருப்பவன்! இப்போது சோபாவில் இருந்து மிருதுளாவிடம் பேசுகிறான் கேள். "அம்மணி, நான் அன்னிக்கே சொன்னனல்லோ, நடை இருக்கோணும். நடந்து நடந்து மனசுல பாரம் ஏறுனாத்தான் பொறவு அடிக்கற அடிக்கு வேகம் வரும். மொதல்லயே சண்டையப் போட்டா ஆருக்காகச் சண்டை போடறான்னு எப்படித் தெரியும்?" மிருதுளா தலையை ஆட்டுகிறாள். "அதைத்தான் மாமா நான் மேனேஜர்கிட்ட அப்படியே சொன்னேன்." அப்படியே சொன்னாளாம். விளையாட்டின் கடைசியில் பெயர்கள் ஓடுமாம், அதில் கதைக்கு உதவியவர் குழந்தைவேலு என்று தனி வரியில் வருமாம். தேங்காய் உரிக்கத் தெரியாதவன். அவனுக்கு அக்காவே கிடையாது. அவன் வீட்டில் அவன்தான் மூத்தவன், இரண்டு தம்பி, இதை இங்கே யாரும் கேட்கவில்லை, கேட்டால் ஒரு நிமிஷத்தில் தெரிந்துபோகும், யாரும் கேட்கவில்லை.

சலிப்பாக இருக்கிறது என்று சொல்லிவிடலாம். அவ்வளவுதான், ஒரு வார்த்தை. என்னால் முடியலீங் அம்மணி, தூக்கமா வருது, எப்பத்தான் அடிதடி வரும் என்று சொன்னால் போதும், கடைசி ஆளும் சொல்லிவிட்டான் என்று வெட்டி எறிவார்கள், அவன் பேரும் சேர்ந்து போகும், முறுக்குத் தொண்டையில் நிற்கும் அவனுக்கு. நாக்கு வரைக்கும் வந்துவிட்டது. ஆனால் வெட்டினால் சோளக்காடும் போகும். தண்ணீர் சேந்தின கிழவி போவாள். அந்தக் கிழவி உண்மையில், "ஆரூட்டுப் பையன் நீயி?" என்று கேட்டாள், நான் அப்பன் பேரைச் சொன்னேன், "ஓ, கண்டக்டரூட்டுப் புள்ளைக்குத் தம்பியா" என்று சிரித்தாள், அதற்குள்ளேயே அந்த ஊரில் என் அக்கா, கூடப்போன கண்டக்டரின் வீட்டுப் பெண்ணாகிவிட்டாள் என்று எனக்கு எரிச்சல் வந்தது. அதைச் சொன்னேனா குழந்தைவேலுவிடம்? சொல்லவில்லை, அந்த ஒன்றையாவது சொல்லாமல் வைத்திருக்கிறேன். இதோ கிளைப்பாதை வந்துவிட்டது. இடது பக்கம் திரும்பச் சொல்லித் திரையில் ஒன்றும் காட்டவில்லை, நானாகத் திருப்பினேன். "பாருங்க மாமா, ஒரு தயக்கமும் இல்லாம சரியாத் திரும்பறாரு!" என்றாள் மிருதுளா. எப்படித் திரும்பாமல் இருப்பேன், நாற்பத்து நாலு வருஷமாகத் திரும்பிக்கொண்டிருக்கிறேன். அங்கே அந்த வீடு.

வீடு அப்படி இல்லை. அது ஓட்டு வீடு, இது ஏதோ கோட்டை மாதிரி கல் வீடு. வாசலில் முருங்கை மரம் இல்லை. ஆனால் கதவு திறந்திருக்கிறது, கதவில் ஒரு பழைய சேலைத்துணி தொங்குகிறது, உள்ளே பாத்திரம் கழுவுகிற சத்தம் கேட்கிறது. இதையும் சொல்லியிருக்கிறேன் அவனிடம், பாவி, பாத்திரச் சத்தத்தைக்கூட விடவில்லை. பித்தளைக் குடத்தைக் கவிழ்த்துவைத்தால் வருகிற ஒரு சத்தம் உண்டு, அதை எங்கிருந்து பிடித்தார்களோ. நான் மருதனை வாசலில் நிறுத்தினேன். நிறுத்தி, கட்டைவிரலை எடுத்துவிட்டேன். மருதன் நிற்கிறான். மூச்சு விடுகிறான், தோள் ஏறி இறங்குகிறது. சேலைத்துணி அசைகிறது. திரையின் கீழ் மூலையில் ஒரு பச்சை வட்டம் மின்னுகிறது, அதை அமுக்கினால் உள்ளே போவான் போலிருக்கிறது. எப்படிப் போவது? திறந்திருந்தால் போய்விடலாமா? கல்யாணம் ஆகிப் போன பெண் இருக்கிற வீடு, அந்த மனுஷனை முன்னேபின்னே பார்த்ததில்லை, வேற்றுச் சாதி, உள்ளே என்ன கோலத்தில் இருப்பார்களோ, நான் பாட்டுக்குச் சேலையை விலக்கிக்கொண்டு நுழைய நான் என்ன வாரண்டு கொண்டுவந்தவனா. நின்றேன். அன்றைக்கு முருங்கை மரத்து நிழல் முதலில் என் காலடியில் இருந்தது, பிறகு கிணற்றடிக்குப் போனது, பிறகு சுவரில் ஏறியது. பதினோரு மணிக்குப் போய் நின்றவன். செருமினேன். இரண்டு தடவை. சைக்கிளில் போன ஒருத்தன் மணி அடித்துவிட்டுத் திரும்பிப் பார்த்தான். பாத்திரச் சத்தம் நின்றது, ஒரு மெட்டி தரையில் நடந்தது, கதவுக்குப் பின்னால் வந்து நின்றது. சேலைத்துணிக்குக் கீழே இரண்டு கால் தெரிந்தது, எனக்குத் தெரியாதா அந்தக் கால், இடது சுண்டுவிரல் அம்மி விழுந்து நசுங்கினது, நான்தான் அந்த அம்மியைத் தள்ளினவன். தெய்வானை அக்கா நிற்கிறாள். ஒரு துணிக்கு அந்தப் பக்கம். கூப்பிடுவாள் என்று பையைத் தோளில் இருந்து இறக்கிக் கையில் பிடித்தேன். கூப்பிடவில்லை. கால் திரும்பிப் போய்விட்டது. மறுபடி பாத்திரச் சத்தம். நாலு மணி பஸ்ஸுக்குப் போய்விட்டேன், பையோடு.

"அண்ணா," என்றாள் மிருதுளா. "மாரப்பண்ணா, கேக்குதுங்களா? நின்னுட்டீங்களே." குனிந்து என் முகத்தைப் பார்க்கிறாள். கையில் கடிகாரம் மாதிரி ஒன்று ஓடிக்கொண்டிருக்கிறது. "எவ்வளவு நேரமாயிருச்சு தெரியுங்களா? பதினோரு நிமிஷம்." பின்னால் இருந்து குழந்தைவேலு சொன்னான்: "மாரப்பா, தூங்கிட்டியா? பச்சைய அமுக்குய்யா, உள்ள போலாம். நான் ஆடறப்பச் சல்லுன்னு போனனல்லோ." மிருதுளா கம்ப்யூட்டரில் எதையோ பார்த்து, "ஆமா, மாமா ஒரு செகண்டுல உள்ள போயிட்டாங்க. எல்லாரும் சராசரியா நாலு செகண்டு" என்றாள். ஒரு செகண்டு! கேட்டாயா? இதைவிட என்ன சாட்சி வேண்டும்? அங்கே நின்றவனாக இருந்தால் இங்கேயும் நிற்பான். கதையைத் தூக்கிக்கொண்டு போனவனுக்குக் கால் கூசவில்லை, பேரனுக்கு மிட்டாய் வாங்கப் போகிறவன் மாதிரி ஒரு செகண்டில் நுழைந்திருக்கிறான். அம்மணி, யோசித்துப் பாருங்கள், அக்கா வாசலில் நான் நின்றேன் என்று உங்களிடம் கதை சொன்னவன் எப்படி ஒரு செகண்டில் உள்ளே போவான்? சொல்ல வாய் எடுத்தேன். அவள் முகம் வேறு மாதிரி இருந்தது. பயந்திருந்தாள். "சலிப்பா இருந்துச்சுங்களா அண்ணா? உண்மையச் சொல்லுங்க, நான் தப்பா எடுத்துக்க மாட்டேன்." அந்த வார்த்தை மறுபடி நாக்குக்கு வந்தது. ஆமா என்றால் முடிந்தது. குழந்தைவேலு முறுக்குக் கடிப்பதை நிறுத்திவிட்டான். என் பிடரி அவனைப் பார்க்கிறது. "சலிப்பெல்லாம் இல்லீங்க," என்றேன். "ஆரும் கூப்புடலீங்களே. கூப்புடாம எப்படிங் உள்ள போறது?"

மிருதுளா நாற்காலியில் இருந்து எழுந்துவிட்டாள், கையைத் தட்டினாள். "கூப்பிடணும்! ஆமாண்ணா, கூப்பிடணும்! இங்கதான் எல்லாரும் கதைய மறந்துட்டு ஏதோ கதவுன்னு நுழைஞ்சிடறாங்க. உள்ள இருந்து அக்கா குரல் ஒண்ணு கேட்டா..." எதையெதையோ சொல்லிக்கொண்டு மைக்கை இழுத்தாள், நானே பேசி இப்பவே போட்டுப் பார்க்கிறேன் என்றாள், எட்டு செகண்டுக்கு ஒரு தடவை கேட்கிற மாதிரி வைக்கலாம் என்றாள், மேனேஜருக்கு இதைக் காட்டினால் வெட்டவே மாட்டார் என்றாள். எனக்கு ஒன்றும் காதில் ஏறவில்லை. கூப்பிட்டால் என்ன ஆகியிருக்கும். கூப்பிட்டிருந்தால் நான் வீட்டுக்குப் போய் அப்படிச் சொல்லியிருக்க மாட்டேன். அப்பன் கட்டிலில் உட்கார்ந்தபடி என்னடா சொன்னா என்று கேட்டார். வரமாட்டேன்னுட்டா, என்றேன். உன்னப் பார்த்தாளா? பார்த்தா, மூஞ்சியத் திருப்பிக்கிட்டுப் போயிட்டா. பொய்யா அது? கால் திரும்பினது மூஞ்சி திரும்பினதுதானே. கூப்பிடாதது வரமாட்டேன் என்று சொன்னதுதானே. அப்பன் அன்றைக்கு அந்தப் பையை அவிழ்த்து இரண்டு சேலையையும் வேலைக்காரிக்குக் கொடுத்துவிட்டார், அதற்குப் பிறகு அக்கா பேரை யாரும் அந்த வீட்டில் சொல்லவில்லை. ஏழு வருஷம் கழித்து அப்பன் செத்ததற்கு வந்தாள். கூட்டத்தில் எல்லோரும் இருக்கும்போது நேரே என்னிடம் வந்தாள். "ஏண்டா, அன்னிக்கு வாசல் வரைக்கும் வந்துட்டு ஏண்டா உள்ள வல்ல?" நீ கூப்பிடவில்லையே என்றேன். "கூடப்பொறந்தவன் ஊட்டுக்குள்ள வர்றதுக்கு நாங் கூப்புடோணுமா? நீ என்ன சம்பந்தியா? வருவே வருவேன்னு உனக்கும் சேர்த்துத்தாண்டா சோறாக்குனேன்." அப்படிச் சொல்லிவிட்டு அழுதாள், எல்லோரும் அவள் பக்கம் சேர்ந்துகொண்டார்கள். எப்படிப் பேச்சைத் திருப்பினாள் பார். தப்பு என்னுடையதாம். அதற்குப் பிறகு முப்பத்தேழு வருஷம் ஆகிறது, காரமடை வழியாகப் போகிற பஸ்ஸில்கூட நான் ஏறுவதில்லை. இப்போது அவளுக்கு எழுபது இருக்கும்.

"மாமா," என்றாள் மிருதுளா, என்னைத் தாண்டி, அவனைப் பார்த்து. "உங்க அக்கா எப்படிக் கூப்பிட்டாங்க? அந்த வார்த்தையே வேணும் எனக்கு." அவனுடைய கதையில் அக்கா கூப்பிட்டாளாம். அவன் மாற்றிச் சொல்லியிருக்கிறான். என்னிடம் இருந்து எடுத்ததும் இல்லாமல், எனக்குக் கிடைக்காததையும் அதில் சேர்த்துக்கொண்டிருக்கிறான். இல்லாத அக்கா கூப்பிட்டாள், அவன் போனான், உட்கார்ந்தான், சாப்பிட்டான். இதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை, கதையைத் திருடினதைக்கூட ஒரு பக்கம் வைத்துவிடலாம். திரும்பிப் பார்த்தேன். குழந்தைவேலு முறுக்குப் பொட்டலத்தை மடித்தான், பிரித்தான். "அது வந்துங் அம்மணி... வா தம்பி, உள்ள வான்னு..." என்று இழுத்தான். என்னைப் பார்த்தான். உதவி கேட்கிற பார்வை, லிப்டுக்குள் மூச்சு முட்டினபோது பார்த்தானே, அதே பார்வை. தம்பியா? தெய்வானை அக்கா ஒரு நாளும் என்னைத் தம்பி என்றதில்லை. "தம்பின்னு சொல்ல மாட்டாங்க," என்றேன். வாய் தானாகப் பேசிவிட்டது. "சாமின்னுதான் கூப்புடுவாங்க. 'ஏஞ்சாமி, அங்கயே நின்னுட்டே? உள்ள வா.' அப்படித்தான்." மிருதுளா என் பக்கம் திரும்பினாள். "உங்களுக்கு எப்படிண்ணா தெரியும்?" இதோ, இதுதான் நேரம். வாசல் திறந்திருக்கிறது. குழந்தைவேலுவின் நெற்றியில் வேர்வை, தெரிகிறது எனக்கு. நான்தான் அது என்று சொன்னால் அடுத்து அவள் கேட்பாள், அப்புறம் உள்ளே போனீங்களா என்று. போகவில்லை என்றால், ஏன் என்பாள். வீட்டில் போய் என்ன சொன்னீங்க என்பாள். அவள் கேட்டே தீருவாள், அவளுக்கு அதுதானே வேலை. "எங்க பக்கம் எல்லா அக்காளும் அப்படித்தானுங் அம்மணி," என்றேன். குழந்தைவேலு மூச்சை விட்டான். "ஆமாங் அம்மணி, அதேதான்! இவன் சொன்னதும் நெனப்பு வந்துருச்சு. சாமி!" அந்த வார்த்தையும் போயிற்று. மிச்சம் வைத்திருந்ததில் அதையும் நானே எடுத்துக் கொடுத்துவிட்டேன். அவன் பேருக்குப் பக்கத்தில் அதுவும் போய் உட்காரும்.

அவள் மைக்கில் பேசினாள், இரண்டு மூன்று தடவை திருத்தினாள், ஏதோ தட்டினாள். "இப்ப மறுபடி வாசல்ல நிக்கறீங்கண்ணா. என்ன தோணுதோ செய்யுங்க." மருதன் நிற்கிறான். சேலைத்துணி அசைகிறது. பாத்திரச் சத்தம் நின்றது. "ஏஞ்சாமி, அங்கயே நின்னுட்டே? உள்ள வா." உடம்பு தூக்கிப்போட்டது எனக்கு. சின்னப் பெண்ணின் குரல்தான், கொஞ்சம் விளையாட்டாகப் பேசின குரல்தான், இருந்தும் தூக்கிப்போட்டது. உலகம் முழுக்க எத்தனை பேர் இதை ஆடுவார்களோ, மழைக்கு ஒதுங்குகிறவன் மாதிரி வந்து நிற்கிற ஒவ்வொருத்தனையும் இது கூப்பிடும். முகம் தெரியாதவனையெல்லாம் சாமி என்று கூப்பிடும். நான் நின்றதால் அவர்களுக்கெல்லாம் கிடைக்கிறது. இந்த மருதன் மேல்கூட எனக்கு ஆத்திரமாக வந்தது, உள்ளே போனால் அவனுக்குச் சோறு வைப்பார்கள், சண்டை அதற்குப் பிறகுதான். கட்டைவிரலைப் பச்சை மேல் இருந்து எடுத்துவிட்டேன். எட்டு செகண்டு. "ஏஞ்சாமி, அங்கயே நின்னுட்டே? உள்ள வா." மிருதுளா என் தோளைத் தொட்டாள். "போங்ணா, அதான் கூப்பிட்டாச்சில்ல." குழந்தைவேலு, பயம் தெளிந்துவிட்டது அவனுக்கு, சத்தமாகச் சொன்னான்: "யோவ் மாரப்பா, வெத்தலை பாக்கு வெச்சு அழைச்சாத்தான் போவியா?" எல்லோரும் சிரித்தார்கள். பக்கத்து மேஜைப் பையன்கள்கூடத் திரும்பிச் சிரித்தார்கள். எட்டு செகண்டு. மூன்றாவது தடவை. எட்டு செகண்டு. நான்காவது. ஒவ்வொரு தடவையும் அதே மாதிரி, அலுக்காமல், கோபப்படாமல். எத்தனை தடவை கூப்பிட்டாலும் கூப்பிடுகிறவள் மிருதுளா. காரமடையில் இருக்கிறவள் இன்னும் வாய் திறக்கவில்லை, அவள் எனக்குத் தர வேண்டிய அந்த ஒரு வார்த்தை அப்படியே நிற்கிறது.

"ஏண்ணா இன்னும் நிக்கறீங்க?" என்றாள் மிருதுளா.

"இன்னொருக்கா கூப்புடட்டுங் அம்மணி," என்றேன்.